டயர் வைத்த கன்னிமார்

எதைப் பார்த்தாலும் லாரியாகவே பார்க்கத் தெரிந்த மனிதர் நாமக்கல் வட்டாரத்தில் ஒருவர்தான் இருந்தார். லாரியின் அடிச்சட்டமான சேசிஸின் மேல் பாடி கட்டுகிற அவருக்கு ஊர் வைத்த பெயர் சேசிஸ்காரர். என் மகளைப் பெண் பார்க்க வந்த மாப்பிள்ளையை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "சேசிஸ் கெட்டிங்க. பாடிதான் கொஞ்சம் வேல பாக்கோணும்" என்றார். மாப்பிள்ளை பலகாரத் தட்டைத் தள்ளி வைத்துவிட்டார்.

எங்கள் ஊர் நடுவே வேப்பமரத்தடியில் ஏழு கன்னிமார் கற்கள். வருஷத்துக்கு ஒருமுறை நோம்பி என்று ஊரே கூடி அங்கே பொங்கல் வைப்போம். அந்த இடத்தின் மேலேயே ஊரைப் பிளந்துகொண்டு நாலுவழிச் சாலை வந்தது. மரம் போய்விடும், கற்களை எடுத்துக்கொள்ளுங்கள் என்றார்கள். எந்தப் பக்கம் வைப்பது? கிழக்கே இருப்பவர்கள் எங்களுக்கு என்றார்கள். மேற்கே இருப்பவர்கள் விடுவார்களா? ஒரே நோம்பி இரண்டாக உடையப் போகிறது என்று எனக்குத் தூக்கம் போயிற்று.

உடனே மரபுக் காப்புக் குழு தொடங்கினேன். தலைவர், பள்ளிக்கூட வாத்தியாரான நான். உறுப்பினர்கள் என் மனைவியும், அக்காவுக்குப் பயந்த மைத்துனனும். ஊர்க்கூட்டத்தில் கற்களின் தொன்மை பற்றி நான் வாயைத் திறந்ததும், கிழக்கும் மேற்கும் ஒன்றுபட்டு என்னை உட்காரச் சொல்லின.

சேசிஸ்காரர் எழுந்தார். "ஏனுங்க, ஏழு சாமிய ஆளுக்கு மூணரைன்னு பங்கு போட முடியுங்களா? எங்கிட்ட பழைய டிரெய்லர் ஒண்ணு கெடக்குது. ஏத்தி வெச்சரலாம். ஒரு வருசம் கெழக்க, ஒரு வருசம் மேக்க."

"சாமிக்கு டயரா? மரபு என்னத்துக்கு ஆகும்?" என்று கத்தினேன்.

"தேருக்குச் சக்கரமில்லீங்களா வாத்தியாரே?"

குழு உறுப்பினரான என் மனைவி கைதட்டினாள்.

ஒரே வாரத்தில் கன்னிமார் கிளியும் தாமரையும் வரைந்த லாரிப் பாடிக்குள் குடியேறினார்கள். பின்புறம் 'ஒலி எழுப்பவும்' என்று எழுதியிருந்தது. நான் ஆட்சேபித்தேன். "மணி கட்டியிருக்குதுங்க. கும்புட வாரவங்க அடிக்கோணுமில்ல?" என்றார்.

முதல் வருஷம் சாலைக்கு அடியிலிருக்கும் சுரங்கப் பாதையைத் தாண்டும்போது டயர் படுத்துவிட்டது. கிழக்கும் மேற்கும் சேர்ந்து தள்ளின. நானும் தள்ளினேன், பட்டு வேட்டியில் கிரீஸ் இன்னும் போகவில்லை. அதிலிருந்து ஒவ்வொரு வருஷமும் டிரெய்லர் கிளம்புமுன் சேசிஸ்காரர் ஸ்பேனரால் டயர்களைத் தட்டி, காதை வைத்துக் கேட்ட பிறகுதான் தலையாட்டுவார்.

போன தை மாதம் அவர் போய்ச் சேர்ந்தார். இந்த வருஷ நோம்பிக்கு டிராக்டர் தயாராக நின்றது. ஆனால் யாரும் கிளப்பவில்லை. சைக்கிளுக்குக் கூடக் காற்றடிக்கத் தெரியாத நான் ஸ்பேனரை எடுத்து ஒவ்வொரு டயராகத் தட்டி, காதை வைத்துக் கேட்டேன்.

"காத்து இருக்குதுங்களா வாத்தியாரே?" என்றார் டிராக்டர்காரர்.

தலையை மட்டும் ஆட்டினேன். டிராக்டர் கிளம்பியது.