டொக்கு சார் சொன்ன பத்து வருஷம்

எங்கள் விருத்தாசலத்தில் மாப்பிள்ளை பார்த்து ஏமாந்தவர்கள் உண்டு, மனை பார்த்து ஏமாந்தவர்கள் உண்டு. டொக்கு சாரைக் கூட்டிப்போய்ப் பழைய கார் பார்த்து ஏமாந்தவர்கள் மட்டும் கிடையாது. காரணம் ரொம்ப எளிது. அவர் பார்த்துச் சொன்ன பிறகு அந்தக் காரை வாங்கும் தைரியம் அநேகமாக யாருக்கும் வந்ததில்லை.

செராமிக் தொழிற்பேட்டையில் ஒரு சின்னப் பட்டறையில் அவர் செக்கர். சூளையிலிருந்து இறங்கும் பீங்கான் சாமான்களை ஒவ்வொன்றாகக் கையில் எடுத்து, நடுவிரலில் போட்டிருக்கும் செம்பு மோதிரத்தால் ஒரு தட்டு தட்டுவார். 'டங்' என்றால் நல்லது, லாரி ஏறும். 'டொக்கு' என்றால் உள்ளே எங்கோ கண்ணுக்குத் தெரியாத விரிசல், குப்பைமேட்டுக்குப் போகும். தட்டிக் கேட்டுவிட்டு "டொக்கு" என்று அவர் வாயாலும் ஒருமுறை சொல்வார். நாளெல்லாம் அதையே சொன்னால் பெயர் வேறு என்னவாக இருக்கும்? சட்டையை இன் பண்ணி, பையில் பேனா செருகியிருப்பார் என்பதால் 'சார்' தானாகச் சேர்ந்துகொண்டது.

பட்டறையோடு தட்டுவதை நிறுத்தியிருந்தால் யாருக்கும் வம்பில்லை. அவர் டீக்கடையில் கண்ணாடி கிளாஸைத் தட்டிப் பார்த்துத்தான் டீ ஊற்ற விடுவார். எங்கள் எதிர் வீட்டு மளிகைக் கடைக்காரர் புது வீடு கட்டிக் கிரகப்பிரவேசம் வைத்தபோது, மொய்க் கவரைக் கொடுத்த கையோடு ஹாலில் மண்டியிட்டு உட்கார்ந்துவிட்டார். ஹாலிலிருந்து பூஜை அறைவரை தட்டிக்கொண்டே தவழ்ந்து போய், எழுந்து முழங்காலைத் தட்டிவிட்டு, நிதானமாகச் சொன்னார்.

"பதினேழு டைல்ஸ்ல அடியில காத்து இருக்குதுங்க. ஒரு கோடை தாங்கும்."

மளிகைக்காரர் அன்றைக்குத் தன் வீட்டு விருந்தில் ஒரு வாய் சாப்பிடவில்லை. அடுத்த கோடையில் பதினாறு டைல்ஸ் கிளம்பின. பதினேழாவதைத் தேடி டொக்கு சார் இரண்டு முறை அவர் வீட்டுக்குப் போய் வந்தார்.

இப்படிப்பட்டவரைப் பழைய கார் பார்க்க முதலில் யார் கூப்பிட்டார்களோ தெரியாது. ஆனால் அவருக்கு அதில் ஒரு முறை உண்டு. காலை ஆறு மணிக்கு, சொல்லாமல் கொள்ளாமல் போய் நிற்பார். முதலில் பானெட்டின் மேல் உள்ளங்கையை வைப்பார். லேசாகச் சூடு தெரிந்தாலும், "முன்னாடியே ஸ்டார்ட் பண்ணி வெச்சிருக்காங்க, வா போலாம்" என்று திரும்பிவிடுவார். குளிர்ந்திருந்தால்தான் ஆட்டம் தொடங்கும். எத்தனை கிலோமீட்டர் ஓடியிருக்கிறது என்று காட்டும் மீட்டரைத் திரும்பியே பார்க்கமாட்டார். "அது மனுஷன் திருப்பி வெக்கறது. பிரேக் பெடல் ரப்பரு தேஞ்சிருக்குது பாரு, அதை எவனும் திருப்ப முடியாது" என்பார். மிதியடியைத் தூக்கி மோந்து பார்ப்பார். வெள்ளத்தில் நின்ற வண்டி அந்த இடத்தில் காட்டிக்கொடுத்துவிடுமாம். கடைசியாக அந்தச் செம்பு மோதிரம். கூரை, கதவு, கதவுக்கு நடுவில் இருக்கும் தூண் எல்லாம் தட்டு வாங்கும். அடிபட்டுப் பட்டி பூசிப் பெயின்ட் அடித்த இடம் டொக்கு என்று சொல்லிவிடும். பிறகு தீர்ப்பு. ஒன்றரை வருஷம், இரண்டு வருஷம், மிஞ்சிப் போனால் நான்கு. அதற்கு மேல் எந்த வண்டிக்கும் அவர் ஆயுள் கொடுத்ததில்லை.

மங்கலம்பேட்டையில் ஒரு பாய். மூன்று வருஷம் வளைகுடாவில் வேலை பார்த்துத் திரும்பியிருந்தார். வண்டி வீட்டில் தார்ப்பாய்க்கு அடியில் நின்றது. "ஒரே ஓனருங்க சார், ஒம்பதாயிரம் கிலோமீட்டர்தான், ஷோரூம் வண்டிங்க" என்று அவர் ஆசையாகச் சொல்லிக்கொண்டிருக்க, டொக்கு சார் ஏர் ஃபில்டர் பெட்டியைத் திறந்தார். உள்ளே வைக்கோல் மெத்தையில் எலி ஒன்றும் குட்டிகள் ஆறும்.

"ஒரே ஓனருன்னீங்களே பாய். செகண்ட் ஓனரு இங்க குடும்பத்தோட இருக்காங்க பாருங்க."

பாய் நல்ல மனிதர். சிரித்துவிட்டு, வண்டி பார்க்க வந்தவர்களுக்குப் பிரியாணி போட்டு அனுப்பினார். புரோக்கர்கள்தான் சிரிக்கவில்லை. டொக்கு சாரின் மொபெட் தெருமுனையில் தெரிந்தாலே வண்டியின் சாவி தொலைந்துபோகும், ஓனர் ஊருக்குப் போய்விடுவார்.

வண்டியைத் தொடுவதற்கு முன்னால் வாங்குபவரிடம் அவர் தவறாமல் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. "எத்தனை வருஷத்துக்கு வேணும்?" கம்மாபுரத்து விவசாயி ஒருவர் இதற்கு, "நெலக்கரி சுரங்கத்துக்கு எங்க நெலத்த எடுக்கற வரைக்கும் ஓடுனா போதுங்க" என்றார்.

"எப்ப எடுக்கறாங்களாம்?"

"அதைத்தான் எங்கப்பா காலத்துலருந்து கேட்டுகிட்டு இருக்கறோம்."

"அப்ப காரு வேணாங்க. மாட்டுவண்டி பாருங்க" என்று எழுந்து வந்துவிட்டார்.

இனி என் கதை. நான் பள்ளிக்கூடத்தில் ஆய்வக உதவியாளர். என் மனைவி மல்லிகாவுக்கு இரண்டு சிறுநீரகமும் போய்விட்டன. செவ்வாயும் வெள்ளியும் கடலூரில் டயாலிசிஸ். போகும்போது பஸ் பரவாயில்லை. திரும்பும்போதுதான் பாடு. நான்கு மணி நேரம் ரத்தத்தைக் கழுவி அனுப்புவார்கள். அவளுக்கு நிற்கவே தெம்பிருக்காது. ஒருநாள் பஸ் ஸ்டாண்டில் உட்கார இடமில்லாமல் தரையில் துண்டை விரித்துப் படுத்துவிட்டாள். குடித்துவிட்டு விழுந்து கிடக்கிறாள் என்று ஒருவன் சொல்லிவிட்டுப் போனான். அன்றைக்கே முடிவு செய்தேன், கடனோ உடனோ, ஒரு சின்னக் கார் வாங்கிவிடுவது. பழைய வண்டிதான் முடியும். ஆனால் அது வழியில் நிற்கக் கூடாது. வடலூர் வெயிலில் வண்டி நின்றால், பின் சீட்டில் இருப்பவள் என்ன ஆவாள்?

டொக்கு சாரிடம் போனேன். "எத்தனை வருஷத்துக்கு வேணும் தம்பி?" என்று கேட்டார்.

டாக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னதெல்லாம் நினைவுக்கு வந்தது. மனைவி இன்னும் எத்தனை வருஷம் இருப்பாள் என்று பழைய கார் வாங்குவதற்காக ஒருவன் வாய்விட்டு எப்படிச் சொல்வான்? "நல்ல வண்டியா இருந்தா போதும் சார்" என்று சமாளித்தேன். விஷயம் ஊரறிந்ததுதான். அவர் மேற்கொண்டு கேட்கவில்லை.

வரிசையாக நான்கு கார்கள் பார்த்தோம். நான்கும் டொக்கு. ஒன்றில் வெள்ள வாடை, ஒன்றில் பட்டி, ஒன்று விபத்தில் நடுவில் ஒடிந்து ஒட்டவைத்தது, நான்காவது நாங்கள் போவதற்குள் சூடாக இருந்தது. வாரங்கள் போய்க்கொண்டே இருந்தன, நாங்கள் பஸ்ஸிலேயே போய்க்கொண்டிருந்தோம். கடைசியில் மல்லிகாவுக்குப் பொறுமை போய்விட்டது.

"ஏங்க, ஏறி உக்காரப் போறவ நான். நானும் வந்து பாக்கறேன்" என்றாள்.

ஐந்தாவது கார் திட்டக்குடியில், ஓய்வுபெற்ற வாத்தியார் ஒருவருடையது. கண் பார்வை மங்கியதால் விற்கிறார். வெள்ளை நிறச் சின்ன வண்டி. டொக்கு சார் பானெட்டில் கை வைத்தார், ஜில்லென்று இருந்தது. பெடலைப் பார்த்தார், மிதியடியை மோந்தார். மல்லிகா பின் சீட்டில் ஏறிச் சாய்ந்து, கண்ணை மூடி, "நல்லா படுத்துக்கலாம் போல இருக்குதுங்க" என்றாள்.

அவர் விரலை மடக்கி இடது பக்கப் பின்கதவில் தட்டினார். டொக்கு. சரியாக அவள் தலைக்குப் பக்கத்தில். இன்னொரு தரம் தட்டினார். டொக்கு. சூளைப் பக்கமே போகாத எனக்கே விளங்கிவிட்டது. சரி, இதுவும் போச்சு என்று நான் செருப்பைத் தேடினேன்.

மல்லிகா கண்ணைத் திறந்து, "என்ன சார், இது எத்தனை வருஷம் ஓடும்?" என்று கேட்டாள்.

டொக்கு சார் அவளைப் பார்த்தார். கதவைப் பார்த்தார். மோதிரத்தை இரண்டு சுற்றுச் சுற்றினார்.

"பத்து வருஷம்மா" என்றார்.

வாத்தியாருக்குத் தூக்கிவாரிப் போட்டது. "சார், நானே அவ்ளோல்லாம் சொல்லலிங்களே!" என்று பதறினார். பின்னால் சண்டை வந்துவிடுமோ என்று அவருக்குப் பயம்.

"உங்களுக்குத் தெரியாதுங்க. பத்து வருஷம்" என்று அவர் வாயை அடைத்துவிட்டார் டொக்கு சார்.

இந்த வண்டிதான் வேண்டும் என்று மல்லிகா நின்றாள்; அவரே பத்து என்ற பிறகு என் காதில் விழுந்த டொக்கு எந்த மூலைக்கு என்று நானும் வாங்கிவிட்டேன். டொக்கு சார் பத்து வருஷம் கொடுத்த வண்டி என்று ஊர் பேசிக்கொண்டது. புரோக்கர்கள் என் வீட்டு வாசலுக்கே வந்து வண்டியைச் சுற்றிப் பார்த்துவிட்டுப் போனார்கள். நானும் கொஞ்ச நாள் கர்வமாகத்தான் இருந்தேன். ஆனால் அதற்குப் பிறகு டொக்கு சார் எனக்குப் பெரிய தொல்லையாகிவிட்டார். திங்களும் வியாழனும் சாயங்காலம் ஐந்தரைக்கு மொபெட் வந்து நிற்கும். "சும்மா டீ குடிக்கலாம்னு வந்தேன் தம்பி" என்பார். டீ ஆறிக்கொண்டிருக்கும், அவர் பானெட்டுக்குள் இருப்பார். "ஃபேன் பெல்ட்டு கத்துது", "ஹோஸு இளகுது", "கிளட்ச்சு வேற சத்தம் போடுது" என்று சாவியை வாங்கிக்கொண்டு பாலக்கரை மெக்கானிக் பாபுவிடம் போய்விடுவார். திரும்பும்போது புதுசாக ஒன்று மாட்டியிருக்கும்.

ஒருநாள் எனக்கு எரிச்சல் தாங்கவில்லை. "நல்லா ஓடுற வண்டிய ஏன் சார் நோண்டிகிட்டே இருக்கீங்க? உங்க பேரு கெட்டுடும்னு பயமா?" என்று கேட்டுவிட்டேன்.

"ஆமா தம்பி, பேரு கெட்டுடும்" என்று சொல்லிவிட்டு, டார்ச்சை வாயில் கவ்விக்கொண்டு வண்டிக்கு அடியில் போய்விட்டார். இன்றைக்கு நினைத்தாலும் எனக்குக் கூசுகிறது.

ஒருமுறை, ஒரேயொரு முறைகூட, அந்தக் கார் கடலூர் சாலையில் நின்றதில்லை. ஏழு வருஷம். மல்லிகா இளைத்தாள், கறுத்தாள், கையெல்லாம் ஊசித் தழும்பு முடிச்சு முடிச்சாக ஏறியது. டாக்டர் சொன்ன கணக்கையும் தாண்டி வந்துகொண்டிருந்தாள்.

போன ஆடியில் டொக்கு சார் செத்துப்போனார். மாரடைப்பு. காலையில் பட்டறைக்குக் கிளம்பியவர், செருப்பை மாட்டக் குனிந்தார், எழவில்லை. ஊரிலிருக்கும் அத்தனை சாமானுக்கும் ஆயுள் சொன்னவர். அவருக்குள் இருந்த விரிசலைத் தட்டிப் பார்க்க யாருமில்லை. எனக்கு அன்றைக்கு ஆத்திரமாகத்தான் வந்தது.

தெருமுனையில் கண்ணீர் அஞ்சலி பேனர் வைத்தார்கள். அதில் அவருடைய சொந்தப் பெயரைப் போட்டுவிட்டார்கள். படமும் இளவயதுப் படம். நண்பகல்வரை பதினோரு பேர்தான் வந்திருந்தோம். "யாரோ வெளியூருக்காரரு போலருக்குது" என்று ஜனங்கள் பேனரைப் படித்துவிட்டுக் கடந்து போனார்கள். பாபு பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு, கடையிலிருந்து பெயின்ட் டப்பாவைக் கொண்டுவந்து பேனருக்குக் கீழே 'டொக்கு சார்' என்று கொட்டை எழுத்தில் எழுதினான். அரை மணியில் தெரு நிறைந்துவிட்டது. மளிகைக்காரர் வந்தார். மங்கலம்பேட்டை பாய் வந்தார். அவரைக் கண்டால் சாவியை ஒளித்த புரோக்கர்கள் அத்தனை பேரும் வந்து, மாலையும் கையுமாக வரிசையில் நின்றார்கள்.

அடுத்த திங்கட்கிழமை சாயங்காலம் ஐந்தரைக்கு என் வீட்டு வாசலில் வண்டிச் சத்தம். எழுந்து ஓடிப் பார்த்தேன். பாபு நின்றுகொண்டிருந்தான்.

"வண்டிய பாத்துட்டுப் போலாம்னு வந்தேங்க சார்."

"நீ ஏம்ப்பா மெனக்கெடற?"

அவன் பானெட்டில் உள்ளங்கையை வைத்துக்கொண்டே சொன்னான். "வண்டி வாங்கிட்டு வந்த அன்னிக்கே டொக்கு சாரு எங்கிட்ட சொன்னாருங்க. 'பாபு, இது ரெண்டு வருஷத்து வண்டிடா. அந்தப் பொண்ணு மூஞ்சியப் பாத்து பத்துன்னு சொல்லிட்டேன். மீதி எட்ட நீயும் நானும் சேந்துதான் ஓட்டணும்'னு."

நான் உள்ளே போய் மல்லிகாவிடம் சொன்னேன். அவள் அழவில்லை.

"எனக்கு அன்னிக்கே தெரியுங்க. எங்காதுகிட்டதானே தட்டுனாரு" என்றாள்.

"தெரிஞ்சுமா அந்த வண்டிதான் வேணும்னு நின்ன?"

"பத்து வருஷம்னு எங்கிட்ட வேற யாரு சொன்னாங்க?"

மறுநாள் செவ்வாய். விடியற்காலையில் கிளம்பினோம். மல்லிகா ஏறுவதற்கு முன்னால், ஊசி ஏறாத கையால் இடது பின்கதவில் ஒரு தட்டு தட்டினாள். டொக்கு என்றது.

"இன்னும் மூணு வருஷம் இருக்குது. போலாங்க" என்று ஏறிச் சாய்ந்துகொண்டாள்.

நான் வண்டியை எடுத்தேன். பள்ளம் மேடு பார்த்து மெதுவாகத்தான் ஓட்டுகிறேன். அந்த மனிதர் வாழ்நாளில் ஒரேயொரு பொய்தான் சொன்னார். அது பொய்யாகிவிடக் கூடாது.