ஒரு ஜோடி கூடுதல்

செருப்பு அறுபத்தொரு ஜோடி இருந்தது.

வார்டன் மறுபடி எண்ணினார். இந்த முறை ஒவ்வொரு ஜோடியையும் கால் பெருவிரலால் தொட்டுத் தொட்டு எண்ணினார். அதே அறுபத்தொன்று.

படிப்பறையின் கதவு சாத்தியிருந்தது. உள்ளே பையன்கள் வாசிக்கும் முணுமுணுப்பு கேட்டது. அந்த விடுதிப் பள்ளியில் இருப்பவர்கள் அறுபது பையன்கள். எல்லோருக்கும் பள்ளி வாங்கிக் கொடுத்த ஒரே மாதிரி நீல ரப்பர் செருப்பு. சாயங்காலப் படிப்பு நேரத்தில் அதை வாசலில் கழற்றி வரிசையாக விட்டுவிட்டு உள்ளே போக வேண்டும்.

கதவைத் திறந்து தலைகளை எண்ணிவிடலாமே என்றால், முடியாது. படிப்பு நேரத்தில் வார்டன், வாத்தியார், சமையல்காரர் யாரும் அந்தக் கதவைத் தொடக்கூடாது. பெரிய பையன்கள் சின்னப் பையன்களுக்குச் சொல்லிக் கொடுப்பார்கள். பெரியவர்களுக்கு உள்ளே வேலை இல்லை. பள்ளியைக் கட்டியவர் போட்ட சட்டம் அது. ஜன்னல்களைக்கூட ஆள் உயரத்துக்கு மேலே வைத்துவிட்டார். அதனால் சேர்ந்து ஒரு வாரமே ஆன வார்டன், தலைக்குப் பதில் காலை எண்ணுவது என்று அன்றைக்குத்தான் ஆரம்பித்தார். ஆரம்பித்த அன்றே இப்படி.

பையன் குறைவது அவருக்குப் புதிதல்ல. சுவரேறிக் குதிப்பான், பஸ் ஏறுவான், அம்மா மடியில் போய் விழுவான். அப்படி ஓடிப்போன பையன்களால் இதற்கு முன் இரண்டு விடுதிகளில் வார்டனுக்கு வேலை போயிருந்தது. பையன் கூடுவதை அவர் கேள்விப்பட்டதுகூட இல்லை.

நேராகச் சமையலறைக்குப் போனார்.

"ஒருத்தன் கூட இருக்கான்."

சமையல்காரர் அடுப்பிலிருந்து தலையை எடுக்கவில்லை. "குறைஞ்சா தேடலாம். கூடினா யாரைப் போய்த் தேடுவீங்க வார்டன் சார்?"

"விளையாடாதீங்க. நாளை மறுநாள் ஆய்வு அதிகாரி வர்றார். நமக்கு அனுமதி அறுபது பேருக்குத்தான். ஒருத்தன் அதிகம்னு தெரிஞ்சாலும் பள்ளிக்கூடத்துக்குப் பூட்டு. என் வயித்துக்கும் சேர்த்துப் பூட்டு."

"எனக்கு எப்பவும் அறுபது தட்டுதான் கணக்கு" என்றார் சமையல்காரர். சொல்லிவிட்டுக் கரண்டியைப் பார்த்துச் சிரித்த மாதிரி இருந்தது.

பள்ளியைக் கட்டியவர் ஒரு மேஸ்திரி. கொத்தனார் வேலையில் ஆரம்பித்து, ஊரில் பாதி வீடுகளைக் கட்டி, கடைசியில் ஊருக்கு வெளியே இதைக் கட்டினார். ஏன் கட்டினார் என்பதற்கு ஊரில் ஆளுக்கொரு காரணம் வைத்திருந்தார்கள். பிள்ளை இல்லாத ஏக்கம் என்றார்கள் சிலர். விலை போகாத நிலம், வேறென்ன செய்வார் என்றார்கள் சிலர். அவரிடமே கேட்டால், "மேஸ்திரி கட்டாம டாக்டரா கட்டுவாரு?" என்று பேச்சை முடித்துவிடுவார்.

வார்டன் ஐந்து விடுதிகளைப் பார்த்தவர். மனிதர்கள் மீது அவருக்குப் பெரிய மதிப்பு கிடையாது. ஆனால் இந்தக் கட்டடத்தைப் பார்த்த முதல் நாளே வாயடைத்துப் போனார். கழிப்பறைக் கதவுகளில் எல்லாம் உள்தாழ்ப்பாள் இருந்தது. மற்ற விடுதிகளில் பையன்களுக்கு எதற்கு மானம் என்று விட்டிருப்பார்கள். சமையலறையும் சாப்பாட்டுக் கூடமும் ஒரே சுவரைப் பங்கிட்டுக்கொண்டதால் ஆறின சாப்பாடு என்ற பேச்சே இல்லை. படிக்கட்டுகள் பத்து வயதுக் காலுக்கு அளவெடுத்தவை. பெரியவர்கள்தான் தடுக்கி விழுவார்கள். ஒவ்வொரு கட்டிலிலும் மேஸ்திரி தானே ஒரு ராத்திரி படுத்துப் பார்த்த பிறகுதான் பையன்களைப் படுக்க விட்டாராம். அழும் பையன் முகம் திருப்பிக்கொள்ள ஒரு சுவர் வேண்டும் என்று, எல்லாக் கட்டிலையும் சுவரை ஒட்டிப் போட்டிருந்தார்.

வேலைக்கு எடுக்கும்போது அவர் வார்டனின் சான்றிதழை வாங்கி, செங்கல்லைப் பார்ப்பதுபோல் முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்துவிட்டு, "உறுதியாத்தான் இருக்கு" என்று திருப்பிக் கொடுத்தார். ஒரே ஒரு நிபந்தனைதான் சொன்னார்: "கணக்கு மட்டும் தப்பக்கூடாது."

கணக்கு தப்பிவிட்டது.

இரவுச் சாப்பாட்டில் வார்டன் பெயர் சொல்லிக் கூப்பிட்டார். அறுபது பெயர், அறுபது "உள்ளேன் ஐயா". ஒரு தலைகூட மிச்சமில்லை. மானிட்டர் பையனை முன்னால் கூப்பிட்டார்.

"டேய், வெளி ஆள் எவனோ உங்ககூட உட்கார்ந்து படிக்கிறான். யாரு?"

"வெளி ஆள் யாரும் இல்ல சார்."

"ஏன்டா சிரிக்கிற?"

"சிரிக்கல சார். மூஞ்சியே அப்படித்தான் சார்."

அவனுக்குப் பின்னால் ஐம்பத்தொன்பது பேருக்கும் அன்றைக்கு மூஞ்சி அப்படித்தான் இருந்தது. வார்டனுக்குச் சந்தேகமே போய்விட்டது. ஒளித்து வைத்திருக்கிறார்கள்.

மறுநாள் காலை ஒரு டப்பா வெள்ளைப் பெயின்ட்டுடன் உட்கார்ந்தார். பையன்களை வரிசையாக நிறுத்தி, செருப்புகளில் ஒன்றிலிருந்து அறுபது வரை எண் எழுதினார். சாயங்காலம் எண் இல்லாத ஜோடி வாசலில் கிடக்கும். அதைக் கையில் எடுத்துக்கொண்டு உட்கார்ந்தால், வெறுங்காலோடு வெளியே வருகிறவன் திருடன். இவ்வளவு எளிய யோசனை ஏன் மற்ற வார்டன்களுக்கு வருவதில்லை என்று அன்று மத்தியானம் முழுக்க நினைத்துச் சந்தோஷப்பட்டார்.

சாயங்காலம் மணி அடித்தது. கதவு மூடியது. வார்டன் குனிந்து பார்த்தார்.

எண் இல்லாத செருப்பே இல்லை. வரிசையின் கடைசியில் 61 இருந்தது. அதே வெள்ளைப் பெயின்ட். கையெழுத்து மட்டும் வார்டனுடையதைவிட அழகாக இருந்தது.

சமையல்காரர் வந்து எட்டிப் பார்த்தார். "இதுவரைக்கும் அவன் சும்மா வந்துட்டுப் போனான். நீங்கதான் இப்ப நம்பர் குடுத்துச் சேர்த்திருக்கீங்க."

ஆய்வு நாள் காலையில் வேறு வழியில்லாமல் வார்டன் மேஸ்திரியிடம் போய் எல்லாவற்றையும் கொட்டினார். மேஸ்திரி குள்ளமான மனிதர். பள்ளியில் இருக்கும்போது அவரும் பள்ளிச் செருப்பைத்தான் போட்டுக்கொள்வார். வேறு வாங்குவது தண்டச் செலவு என்பார். அன்று வெறுங்காலோடு தோட்டத்தில் நின்றிருந்தார்.

"செருப்பையா எண்ணுனீங்க?"

"உள்ள போகக்கூடாதுன்னு நீங்கதானே ஐயா சொன்னீங்க?"

"ஆமா ஆமா." மேஸ்திரி தொண்டையைச் செருமினார். "வேலியில எங்கயாவது ஓட்டை இருக்கும். பாருங்க." சொல்லும்போது அவர் வார்டனைப் பார்க்கவில்லை, சுவரைப் பார்த்தார். அவர் கட்டிய சுவர், பார்க்கட்டும் என்று வார்டன் விட்டுவிட்டார்.

வேலியில் ஓட்டை இருக்கத்தான் செய்தது. எந்த வேலியில் இல்லை? வார்டன் முன்கேட்டைப் பூட்டிச் சாவியை இடுப்பில் சொருகிக்கொண்டு, வாட்ச்மேனிடம் "நான் சொல்ற வரைக்கும் எமனே வந்தாலும் திறக்காத" என்று உத்தரவு போட்டுவிட்டு, முள்ளும் கம்பியுமாகப் பின்பக்கம் போனார். ஓட்டை ஒன்றை அடைத்தால் இன்னொன்று கண்ணில் பட்டது. சட்டை கிழிந்தது. காய்கறிக்காரன் மூட்டையை வேலிக்கு மேலே தூக்கிப் போட்டுவிட்டுத் திட்டிக்கொண்டே போனான்.

சாயங்காலம் அறைக்குப் போய் முகம் கழுவி, சட்டை மாற்றி, அதிகாரிக்காகப் பாலிஷ் போட்டு வைத்திருந்த ஷூவை மாட்டிக்கொண்டு கேட்டுக்கு வந்தார்.

"அதிகாரி வரலையா?"

"காலையிலயே வந்தாரு சார்" என்றான் வாட்ச்மேன். "ஹாரன் அடிச்சாரு. எமனுக்கே திறக்கக்கூடாதுன்னு சார் உத்தரவுன்னு சொன்னேன். கோபமாப் போயிட்டாரு."

காலையிலேயே ஆய்வு முடிந்திருந்தால் செருப்புப் பிரச்சினையே வந்திருக்காது. எல்லாச் செருப்பும் அப்போது காலில் இருந்திருக்கும். வார்டன் மேஸ்திரியைத் தேடினார். அதிகாரி இனி வரமாட்டார் போல என்று வாட்ச்மேனிடம் சொல்லிவிட்டு, படிப்பு மணி அடித்ததுமே எங்கோ போய்விட்டாராம்.

அப்போதுதான் கேட்டில் மறுபடி ஹாரன் கேட்டது.

இறங்கிய அதிகாரி வணக்கத்துக்குப் பதில் சொல்லவில்லை. விறுவிறுவென்று நடந்து படிப்பறை வாசலில் நின்றார். கண் வரிசையின் கடைசிக்குப் போனது.

"அனுமதி எத்தனை பேருக்கு?"

"அறுபது சார்."

"இது என்ன அறுபத்தொண்ணு?"

"அது என்னோட செருப்பு சார்."

அதிகாரி வார்டனின் காலைப் பார்த்தார். வார்டனும் பார்த்தார். ஷூ இரண்டும் முகம் தெரியும் அளவுக்குப் பளபளத்தன.

"மாத்தி மாத்திப் போட்டுக்குவேன் சார்."

"நம்பர் போட்டா?"

அதிகாரி கதவில் கை வைத்தார். வார்டன் குறுக்கே பாய்ந்தார். "படிப்பு நேரத்துல யாரும் உள்ள போகக்கூடாது சார்!"

"நான் யாருமா?"

கதவு திறந்தது. அறுபது தலைகள் நிமிர்ந்தன. நிமிராத தலை ஒன்று கடைசி பெஞ்சில் இருந்தது, பாதி வழுக்கையோடு. மேஸ்திரி வரிக்கடியில் விரலை வைத்து, புத்தகத்தைக் கண்ணிலிருந்து தள்ளிப் பிடித்து, ஒவ்வொரு எழுத்தையும் செங்கல் தூக்குவதுபோல் தூக்கி வைத்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் ஒரு சின்னப் பையன் பென்சிலோடு காவல் இருந்தான். அரசாங்கமே வந்து நிற்கிறது என்று தெரிந்தும் மேஸ்திரி அந்த வாக்கியத்தை முடித்துவிட்டுத்தான் விரலை எடுத்தார். பிறகு எல்லோரோடும் எழுந்து நின்று, எல்லோரோடும் சேர்ந்து, "வணக்கம் ஐயா" என்றார்.

"ஐயா! முந்திக்கிட்டீங்களா?" வார்டன் கத்தினார். "எவன் அவன்? பிடிச்சுக் குடுங்க!"

அறை முழுக்கச் சிரிப்பு வெடித்தது. மானிட்டர்தான் இரக்கப்பட்டான். "சார், அறுபத்தொண்ணு அவருதான் சார்."

வார்டன் சின்னப் பையனின் பெஞ்ச் ஓரத்தில் உட்கார்ந்துவிட்டார். அறுபது பையன்கள் சேர்ந்து ஒரு மனிதனின் மானத்தைக் காப்பாற்றி, மூச்சு விடாமல் இருந்திருக்கிறார்கள். ஐந்து விடுதிகளில் இரண்டு பையன்கள் சேர்ந்து ஒரு ரகசியத்தைக் காப்பாற்றி அவர் பார்த்ததில்லை.

"எவ்வளவு நாளா?" அதிகாரியின் குரல் இறங்கியிருந்தது.

"பள்ளிக்கூடம் திறந்ததுலேர்ந்து" என்றார் மேஸ்திரி, தரையைப் பார்த்து.

"எந்த வகுப்பு?"

பென்சில் பையன் முந்திக்கொண்டான். "ரெண்டாம் வகுப்புப் பாடம் சார். கணக்குல புலி. வாசிக்கிறதுதான் கொஞ்சம் இழுக்குது. அடுத்த வருஷம் மூணாவதுக்கு அனுப்பிடலாம்."

அதிகாரி பேனாவை எடுத்தார். "அனுமதி அறுபது பையன்களுக்கு. இவருக்கு மீசை நரைச்சிருக்கு, பையன் கணக்குல வரமாட்டாரு." கையெழுத்துப் போட்டார்.

"என் வேலை போச்சா ஐயா?" என்று கேட்டார் வார்டன்.

"உங்களுக்கு முன்னாடி இருந்த வார்டன் எவனும் எதையும் எண்ணினதில்ல. நீங்க இருங்க" என்றார் மேஸ்திரி. "ஆனா நாளைக்கு அந்த நம்பரை எல்லாம் அழிச்சிருங்க."

"அறுபத்தொண்ணு மட்டும் இருக்கட்டும் சார்!" என்று பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது.

அந்த நேரம் மேஸ்திரியின் மனைவி மூக்குக் கண்ணாடியோடு வாசலில் வந்து நின்றார். "மறந்துட்டு வந்துட்டாரு. இது இல்லாம ஒரு எழுத்தும் தெரியாது."

அதிகாரி பேனாவை மூடிப் பையில் சொருகினார். "பெரிய மனசும்மா உங்க வீட்டுக்காரருக்கு. பசங்களுக்காகப் பள்ளிக்கூடம் கட்டினாரு. அவங்களைப் பார்த்துப் பார்த்து இவருக்கும் படிக்க ஆசை வந்திருச்சு பாருங்க."

"நீங்க வேற" என்றார் அந்த அம்மா. "பகல்ல கொத்து வேலை, சாயங்காலம் வந்தா சேர்த்துக்குவீங்களான்னு இவரு போய்க் கேட்காத பள்ளிக்கூடம் இல்ல. சாயங்காலம் பசங்கள்லாம் வீட்டுக்குப் போயிடுவாங்களேன்னு எல்லாரும் சிரிச்சு அனுப்பிட்டாங்க. அதான், பசங்க வீட்டுக்குப் போகாத பள்ளிக்கூடமா ஒண்ணு கட்டிட்டாரு."