நான் முதலமைச்சராக்கிய ஊமைப்பட நடிகை

நடிகை என்று ஒருத்தி இருந்தால் அவள் கடைசியில் அரசியலுக்கு வந்தே தீருவாள் என்று நம்பியிருந்தவன் நான். டென்மார்க்கில் முப்பது வருடம் வரி கட்டிய பிறகும் நம்பினேன். (உடம்புதான் விமானம் ஏறியது, மூளை இன்னும் வந்து சேரவில்லை.)

அங்கே கோல்டிங் நகரில் ஒரு நூலகத்தில் என் மகள் மதுராவுக்குத் தற்காலிக வேலை. நிரந்தரமாவது அவள் முதன்முதலாக ஒழுங்குசெய்த ஒரு மாலை நிகழ்ச்சியில் தொங்கிக்கொண்டிருந்தது. விஷயம், பிரேசிலின் ஆதிகால ஊமைப்பட நடிகை ஒருத்தியின் திரைவாழ்க்கை. பேச வேண்டியவருக்குக் காய்ச்சல்.

"நான் பேசுறன் பிள்ளை," என்று குதித்தேன். தமிழர் விழாக்களில் மின்சாரத்தை நிற்பாட்டித்தான் என்னை மேடையிலிருந்து இறக்குவார்கள்.

மதுரா இரண்டு பக்கக் குறிப்புத் தந்தாள். "ரெண்டு பக்கமும் வாசிச்சனீங்களோ அப்பா?"

"ஓம், ஓம்."

பச்சைப் பொய். வாயே திறக்காமல் நடித்தவளைப் பற்றிக் கதைக்க எனக்கெதற்குப் படிப்பு என்ற திமிர்.

நாற்பது டேனிஷ்காரர், கோப்பி, கேக். முன்வரிசையில் மதுராவின் நூலகத் தலைவி. முதல் பக்கம் ஐந்து நிமிடத்தில் முடிந்தது. இரண்டாம் பக்கம் என் சட்டைப்பையில் இல்லை. வீட்டில் தேத்தண்ணிக் கோப்பைக்குக் கீழே ஈரமாகிக்கொண்டிருந்தது. இன்னும் இருபத்தைந்து நிமிடம்.

அடித்துவிட ஆரம்பித்தேன். அவள் நடிப்பதைத் தகப்பன் எதிர்த்தார். கதாநாயகனோடு கிசுகிசு. இரட்டை வேடம். ரசிகர்கள் கோயில் கட்டினார்கள். ஒரு கிழவர் குறிப்பெடுக்கத் தொடங்கினார். அதுதான் என்னைக் கெடுத்தது. "இறுதியில், வழக்கம்போல, தேர்தலில் வென்று முதலமைச்சரானார்!" என்று முடித்துக் கைதட்டலுக்குக் காத்து நின்றேன்.

பின்வரிசையில் ஒரு கை எழுந்தது. "நான் பிரேசில்காரி. அந்தக் காலத்தில் எங்கள் நாட்டில் பெண்களுக்கு வாக்குரிமையே இல்லை. இவர் எப்படித் தேர்தலில் நின்றார்?"

அப்போதாவது மன்னிப்புக் கேட்டிருக்கலாம். மானஸ்தன் அல்லவா? "ஆண்கள் நிறுத்தினார்கள்," என்றேன்.

மண்டபம் சிரித்தது. தலைவி சிரிக்கவில்லை.

"ஃபார், இருங்கோ," என்றாள் மதுரா. (கோபம் வந்தால்தான் நான் அவளுக்கு டேனிஷ் அப்பன்.) நான் கதிரையில் இருந்தேன். என்னைத் தெரிந்தவளாதலால் கையில் ஒரு பிரதி வைத்திருந்தாள். இரண்டாம் பக்கத்தை நிதானமாக வாசித்தாள். ஒருவரும் கோப்பியைத் தொடவில்லை. அந்தப் பிரேசில்காரி கண்ணைத் துடைத்தாள்.

வேலை நிரந்தரமானது. "அடுத்த முறை நீயே பேசு," என்றாராம் தலைவி.

இப்போதும் நான் தொண்டையைச் செருமினால் மனைவி, "முதலமைச்சர் கதைக்கப் போறார், கதவைச் சாத்துங்கோ," என்பாள்.

அந்த இரண்டாம் பக்கத்தில் இருந்தது இவ்வளவுதான்: அவள் மூன்று படங்களில் நடித்தாள். இரண்டு அழிந்துவிட்டன. மூன்றாவதில் ஏழு நிமிடம் மிச்சம். கல்யாணத்துக்குப் பிறகு அவள் நடிக்கவில்லை.