கோழிப்பண்ணையில் பிரேசில் நடிகர்

தீர்த்தகிரிக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது. தீவன மூட்டை இறக்கிய வலி. குனிந்தால் நிமிர முடியவில்லை. அந்த நேரம் பார்த்து முதலாளி குருமூர்த்தி போன் செய்தார்.

"ஏப்பா, பிரேசில் நடிகர் ஒருத்தர் நம்ம பண்ணைக்கு வாரார். கூலிக்காரங்க படமாத்தான் நடிப்பாராம். கரும்பு வெட்டற படத்துக்கு, யாருகிட்டயும் சொல்லாம கூலியோட கூலியா வெட்டுனாராம். சுரங்கப் படத்துக்கும் அப்படித்தான். அந்தப் படம் வந்த பொறகு சுரங்க மேனேஜர் ஜெயிலுக்குப் போயிட்டான்."

"எப்பங்க வாரார்?"

"காலைல சேலத்துல கெளம்பறதாப் பேச்சு. இந்நேரம் உள்ள பூந்து வேலை செஞ்சாலும் செய்வார். கேட்டா ஒத்துக்க மாட்டாராம். ஏதாவது ஆச்சுன்னா நீயும் உம்பொண்டாட்டியும் மூட்டையக் கட்டிக்கங்க."

தீர்த்தகிரி பண்ணை சூப்பர்வைசர். குடியிருப்பதும் பண்ணைக்குள்தான். வேலை போனால் வீடும் போகும். இடுப்பைப் பிடித்தபடி ஷெட்டுக்கு ஓடினான்.

நெடி தாங்காமல் எல்லோரும் முகத்தில் துண்டு கட்டிக்கொண்டு கோழி எரு அள்ளிக்கொண்டிருந்தார்கள். ஒருவன் மட்டும் துண்டை அவிழ்த்துத் தொட்டியடியில் முகம் கழுவினான். தாடி. பழுப்புக் கண். இந்த முகத்தைத் தீர்த்தகிரி பார்த்ததே இல்லை. அந்தக் கிழிந்த பச்சை பனியனைப் பார்த்திருந்தான். காலையில் அதன் முதுகில்தான் உதைத்திருந்தான்.

நடிகர் இவர்தான் என்று ஓடிப்போய் எதிரில் நின்றான்.

"சார், குடுங்க சார்." மண்வெட்டியைப் பிடித்து இழுத்தான்.

அவன் விடவில்லை. "வேண்டாங்க. நான் செய்யறேங்க."

தமிழ் வேறு படித்துவிட்டு வந்திருக்கிறான்.

ஆபீசுக்கு இழுத்துப் போய் முதலாளி நாற்காலியில் உட்கார வைத்து ஃபேன் போட்டான். அவன் நுனியில் உட்கார்ந்து கதவையே பார்த்தான். ஓடினால் நேராகப் போலீசுக்குத்தான் ஓடுவான். தீர்த்தகிரி வெளியே வந்து பூட்டிவிட்டான்.

மனைவி வசந்தாமணி எட்டிப் பார்த்தாள். "ஏனுங்க, ஆளப் பூட்டி வெச்சா படத்துல அதுவும் வருமில்லீங்களா?"

உடனே பூட்டைத் திறந்தான். நாட்டுக்கோழி அடித்துக் குழம்பு வைக்கச் சொன்னான். சோறு போடும்போது தாடிக்காரன் கழுத்தில் ஒரு தாயத்து ஆடியது. அதற்குள் கேமரா இருக்குமோ என்று தோன்றியதும் தீர்த்தகிரி தாயத்தைப் பார்த்துக் கும்பிட்டான்.

"உதைச்சது நாந்தானுங்க. ஆனா கக்கூஸ் கட்ட வேண்டாம்னது முதலாளிங்க. ஆதார் கார்டயெல்லாம் புடுங்கி வெக்கச் சொன்னதும் அவருதானுங்க."

"அய்யோ, முதலாளி பேரச் சொல்லிட்டீங்களே," என்றாள் வசந்தாமணி.

இனி ஒரே வழிதான். தானும் உழைப்பாளிதான் என்று காட்ட, சன்னலுக்கு நேராக நின்று எரு அள்ள ஆரம்பித்தான். இடுப்பு தெறித்தது. கண்ணில் தண்ணீர் வந்தது. உள்ளே இருந்தவன் அவனைப் பார்த்துக்கொண்டே இரண்டாம் தரம் சோறு போட்டுக்கொண்டான்.

மறுபடி போன்.

"அந்த நடிகர் இன்னிக்கு வரலப்பா. சேலம் லாட்ஜுலயே படுத்துக்கிட்டார். வயித்தால போகுதாம்."

தீர்த்தகிரி மண்வெட்டியோடு சன்னலுக்கு வந்தான். "அப்ப நீ யார்ரா?"

அவன் எலும்பைத் தட்டில் வைத்துவிட்டு எழுந்து நின்றான்.

"பிபின்ங்க. ஒடிசா. பொங்கலுக்கு முன்னால இருந்து இங்கதான் எரு அள்ளறேன். மூணு மாசச் சம்பளம் பாக்கிங்க."