திரையைப் பார்க்காத கடைக்காரர்

“லைசென்ஸ் ரினியூ பண்ண முடியாது, அங்கிள். ரிஜெக்ட்,” என்றாள் மாநகர மன்றத்தின் கவுண்டரில் இருந்த ரோகிணி.

வேலாயுதம் கோலாலம்பூரின் பிரிக்பீல்ட்ஸில் மசாஜ் நிலையம் நடத்துபவர். பிறவியிலேயே பார்வை இல்லாதவர். அந்த வரிசையில் கடை வைத்திருந்த மற்றவர்களும் அப்படித்தான்.

“ஏம்மா?”

“புது ரூல். கடைக்காரரே உட்கார்ந்து சிசிடிவி ஸ்க்ரீனைப் பார்க்கணும்.”

“நான் எப்படிம்மா பார்ப்பேன்?”

“அது ரூல்ல இல்ல,” என்று முத்திரை குத்திய கடிதத்தை நீட்டினாள்.

“பெரிய ஸ்க்ரீனா மாட்டிடுவோங்க. வந்து பாக்கறவங்களுக்கு மனசு குளிரட்டும்,” என்றார் மனைவி மலர்விழி. சுவரையே அடைக்கிற மாதிரி ஒன்று வந்து இறங்கியது. அதிகாரிகள் வந்தார்கள், பார்த்தார்கள். மனசு குளிரவில்லை. இவ்வளவு பெரிய திரை இருந்தால் அது கேளிக்கை மையமாம். அதற்குத் தனி லைசென்ஸாம். ரோகிணி அடுத்த கடிதத்தைக் கொடுத்தாள்.

திரையைச் சின்னதாக மாற்றி, மலர்விழியே அதன் முன்னால் உட்கார்ந்தார். லைசென்ஸில் பெயர் இல்லாத ஆள் வாடிக்கையாளர்களைக் கண்காணிப்பது தவறு என்று இன்னொரு கடிதம் வந்தது. கடைக்குப் பூட்டும் விழுந்தது.

“அந்தப் பொண்ணுக்கு நெஞ்சு கல்லு லா,” என்ற வேலாயுதம், வக்கீல் ஷாமினியிடம் போனார். வழக்கு உயர்நீதிமன்றம் ஏறியது.

விசாரணையன்று, மன்றத்தின் வக்கீல் வராந்தாவில் அவரை ஓரம்கட்டினார். “லைசென்ஸை உங்க வைஃப் பேருக்கு மாத்திடுங்க. நாளைக்கே கடை திறக்கலாம். கேஸ் எதுக்கு?”

மலர்விழி கணவரின் கையை அழுத்தினார். ஒத்துக்கொள்ளுங்கள் என்று அர்த்தம்.

“என் சம்சாரத்துக்குக் கண்ணு தெரியும், பாஸ். அந்த வரிசையில மத்தவங்க யார் பேருக்கு மாத்துவாங்க? கேஸ் நடக்கட்டும்.”

ஷாமினி கறுப்பு அங்கியைச் சரிசெய்துகொண்டு, “வாங்க அங்கிள், உள்ள போவோம்,” என்றாள்.

கடிதங்களைப் படித்த நீதிபதி, இவருக்குப் பார்வை இல்லை என்பது இத்தனை வருடம் லைசென்ஸ் கொடுத்த உங்களுக்குத் தெரியாதா என்று கேட்டார். தெரியும் என்றார் மன்றத்தின் வக்கீல். பிறகு ஏன் இந்த நிபந்தனை என்றார் நீதிபதி. வக்கீல் தண்ணீர் குடித்தார்.

நிராகரிப்பு ரத்தானது. பார்வையற்றவர்கள் திரையைப் பார்க்க உதவியாள் வைத்துக்கொள்ளலாம் என்றும் தீர்ப்பானது. வராந்தாவில் காத்திருந்த சக மசாஜ்காரர்கள் வேலாயுதத்தைக் கட்டிக்கொண்டார்கள்.

கூட்டம் கலைந்ததும் ஒரு குரல் அருகில் வந்தது. “அங்கிள், நான் ரோகிணி. ஆபீஸ் ஃபைலைக் கொண்டு வந்தேன்.”

“இப்ப என்னம்மா, இன்னொரு ரிஜெக்டா?”

அவள் குரலைத் தாழ்த்தினாள்.

“‘அடுத்த மாசம் வாங்க’ன்னு வாயால சொல்லியே உங்களை அலைய விடச் சொன்னாங்க மேலதிகாரிங்க, அங்கிள், அப்புறம் எதை வெச்சு நீங்க கேஸ் போடுவீங்க, அதான் ஒவ்வொரு தடவையும் எழுத்துல ரிஜெக்ட் பண்ணிக் கொடுத்தேன்.”