கீழ்வானம் கம்பெனிக்கு ஒரு நோட்டீஸ்

"மாப்பிள, நம்ம நிச்சய வீடியோவ எவனோ தூக்கிட்டான்."

போனில் ஈஸ்வரமூர்த்தி. இன்னும் மூன்று வாரத்தில் மாமனார் ஆகப்போகிறவர். நாகர்கோவில் கோர்ட்டுக்கு எதிரே டீ குடித்துக்கொண்டிருந்த சுதன், பழம்பொரியைக் கடிப்பதை நிறுத்தினான்.

"தூக்கிட்டான்னா மாமா?"

"நேத்து யூடியூப்ல போட்டோம்லா? இப்ப தொட்டா கறுப்பா நிக்கி. அதுல வாற பாட்டு தன்னோடதுன்னு ஒரு கம்பெனிக்காரன் புகார் குடுத்திருக்கான். கீழ்வானம் மியூசிக்காம். மஸ்கட்ல இருந்து என் தம்பி போனு மேல போனு."

சுதன் கிளாஸை மெதுவாகக் கீழே வைத்தான். கீழ்வானம் மியூசிக் என்பது அவனேதான்.

வாரத்தில் ஐந்து நாள் கறுப்புக் கோட்டு போடும் சுதன், மிச்ச இரண்டு நாளும் 'இடிச்சக்கை' என்ற ராக் இசைக்குழுவில் கிட்டார் வாசித்துப் பாடுகிறவன். எட்டு வருடத்துக்கு முன்னால் சென்னைக் கம்பெனி ஒன்று நீட்டிய தாளைப் படிக்காமல் கையெழுத்துப் போட்டதில், முதல் ஆல்பத்தின் ஒன்பது பாட்டும் கைவிட்டுப் போயின. அந்த ஆத்திரத்தில்தான் சட்டக் கல்லூரிக்குப் போனான். இன்று பாட்டு, உரிமை, ஒப்பந்தம் என்று மாவட்டத்தில் யாருக்குத் தலைவலி வந்தாலும் அவனைத்தான் தேடி வருகிறார்கள். தங்கள் பாட்டைக் காப்பாற்ற அவனும் டிரம்ஸ் வாசிக்கும் யோவானும் தொடங்கியதுதான் கீழ்வானம். திங்கட்கிழமை காலையானால், கேட்காமல் பாட்டை எடுத்துப் போட்டவர்கள் மேலெல்லாம் மொத்தமாகப் புகார் கொடுப்பான். இன்று பதினொன்று. எது எந்த வீடியோ என்று பார்க்கவில்லை.

பெண் பார்க்கப் போன அன்றே அம்மா சொல்லியிருந்தாள். "வக்கீல்னு மட்டும் சொல்லு. பாட்டு, கூத்துன்னா அந்த வீட்டுப் படி ஏற முடியாதுன்னு தரகர் சொன்னாரு."

அதனால் மணப்பெண் ஹரிதாவிடம்கூடச் சொல்லவில்லை. நாளைக்குச் சொல்லிவிடலாம் என்று நாலு மாதமாக நினைத்துக்கொண்டிருக்கிறான். அவள் சிரிக்கும்போது சொல்ல வாயெடுப்பான். அந்தச் சிரிப்பு போய்விடுமோ என்று மூடிக்கொள்வான்.

"மாமா, நீங்க விடுங்க. நான் பேசி இன்னைக்கே திரும்ப வர வைக்கேன்."

டீக்கடை பெஞ்சிலேயே புகாரைத் திரும்பப் பெற்றான். சாயங்காலம் வீடியோ வந்துவிட்டது. மூச்சும் வந்தது. அப்போது மறுபடியும் போன்.

"வீடியோ வந்தா போதுமா மாப்பிள? அடுத்தவன் பாட்டத் தன்னோடதுன்னு சொல்லுகான்லா, அவன விடப்பிடாது. நோட்டீஸ் அனுப்புங்க."

"மாமா, ஸ்டூடியோக்காரன் வீடியோல சேத்துட்டான்ங்கதுக்காக அந்தப் பாட்டு நமக்குச் சொந்தமாயிராது."

"நான் சொந்தம்னு சொன்னனா? அந்தக் கீழ்வானத்துக்காரனுக்கு அதுல ஒரு உரிமையும் இல்ல. அத நான் எங்க வேணும்னாலும் சொல்லுவேன்."

மின்வாரியத்தில் முப்பது வருடம் இருந்து ஓய்வு பெற்றவர். கரண்டு திருடியவர்களைப் பிடித்த கை. எதிர்த்துப் பேச சுதனுக்குத் தைரியம் வரவில்லை.

மறுநாள் சுசீந்திரத்து வீட்டுக்கே போய், தயாரித்த நோட்டீசை லேப்டாப்பில் காட்டினான். அவர் கண்ணாடியை மூக்கில் இறக்கிப் படித்தார்.

"இது நோட்டீசா, கல்யாணப் பத்திரிகையா? 'தங்கள் மேலான கவனத்துக்கு'ன்னு எழுதியிருக்கிய. கள்ளனுக்கு என்ன மேலான கவனம்?"

"ஆரம்பத்துல கொஞ்சம் மரியாதையா..."

"மோசடின்னு போடுங்க. பித்தலாட்டம்னும் போடுங்க."

சுதன் தன்னைப் பற்றி மோசடி என்று தட்டினான். பித்தலாட்டம் என்றும் தட்டினான். அதை அச்செடுத்துக் கையெழுத்துப் போட்டு, பதிவுத் தபாலில் இரணியலில் உள்ள யோவான் வீட்டு முகவரிக்கு அனுப்பக் கிளம்பினான். ஹரிதா வாசல் வரை வந்தாள்.

"ஏன் இப்படி வெளிறிப் போய் இருக்கிய? ஏதாவது சொல்லணுமா?"

"ஒண்ணுமில்ல. வெயிலு."

அவள் வானத்தைப் பார்த்தாள். மழை மேகம் கவிந்திருந்தது. ஒன்றும் கேட்காமல் குடையை எடுத்துக் கொடுத்தாள்.

வியாழக்கிழமை கீழ்வானத்தின் சார்பில் சுதனே ஒரு பதில் எழுதினான். தவறு நடந்துவிட்டது, மிகவும் வருந்துகிறோம், இதோடு முடித்துக்கொள்வோம். எப்பேர்ப்பட்ட கோபக்காரரும் இளகிவிடுவார் என்று நினைத்தான்.

"பயந்துட்டான் மாப்பிள," என்றார் ஈஸ்வரமூர்த்தி உற்சாகமாக. "பயந்தவனத்தான் அமுக்கணும். பாட்டு தன்னோடது இல்லன்னு அவன முத்திரைத்தாள்ல எழுதித் தரச் சொல்லுங்க."

வெள்ளிக்கிழமை சுதன் நேராக யோவானிடம் ஓடினான்.

"மக்கா, கம்பெனி மேனேஜர் மாதிரி அவருட்ட நீ பேசு. தாழ்மையா பேசு. எழுதித் தர முடியாதுன்னு மட்டும் நயமா சொல்லு."

"நீ பயப்படாதல. தேனா பேசுகேன்."

யோவான் தேனாகத்தான் ஆரம்பித்தான். மூன்றாவது நிமிடம் அந்தப் பக்கத்திலிருந்து 'கள்ளன்' என்று ஒரு வார்த்தை வந்தது. யோவானின் காது சிவந்தது.

"யாருவோய் கள்ளன்? எங்க பாட்டுவோய் அது. ராத்திரி பகலா உக்காந்து போட்டது. முடிஞ்சா நேர்ல பேசும்."

சுதன் கையெடுத்துக் கும்பிட்டான். யோவான் கவனிக்கவில்லை.

"நாளைக்கு காலைல பத்து மணியா? வாறேன்வோய்."

போனை வைத்தபிறகுதான் அவனுக்கு எல்லாம் நினைவுக்கு வந்தது. "மக்கா, கொஞ்சம் கூடிப்போச்சோ?"

சனிக்கிழமை பத்து மணி. சுசீந்திரத்து வீட்டுக் கூடத்தில் ஒரு பக்கம் யோவான், ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போடும் வெள்ளைச் சட்டையில். எதிர்ப்பக்கம் ஈஸ்வரமூர்த்தி. அவர் அருகில் அவருடைய வக்கீலாகச் சுதன். அடுக்களை வாசலில் ஹரிதாவும் அவள் அம்மா பகவதியும் நின்றார்கள்.

"பேச்சு வேண்டாம்," என்று ஈஸ்வரமூர்த்தி முத்திரைத்தாளை நீட்டினார். "இதுல ஒப்புப் போடு. போயிட்டே இரு."

சுதன் எட்டிப் பார்த்தான். மேற்படி பாடலின் மீது எங்கள் நிறுவனத்துக்கு இன்றும், இனி எக்காலத்திலும் எவ்வித உரிமையும் இல்லை. எட்டு வருடத்துக்கு முன்னால் படிக்காமல் விட்ட தாளிலும் கிட்டத்தட்ட இதே வரிதான் இருந்தது.

யோவான் சுதனைப் பார்த்தான். பிறகு அடுக்களை வாசலில் நின்ற பெண்ணைப் பார்த்தான். ஒரு பெருமூச்சு விட்டு, பேனாவை எடுத்து மூடியைக் கழற்றினான். சிநேகிதனின் கல்யாணத்துக்காக அவன் பாட்டைக் கொடுத்துவிடத் துணிந்துவிட்டது சுதனுக்குப் புரிந்தது.

பேனா தாளைத் தொடுவதற்குள் சுதன் எழுந்து அதைப் பிடுங்கிவிட்டான்.

"மாமா, இதுல ஒப்புப் போட விடமாட்டேன்."

"ஏன்?"

"அந்தப் பாட்டு நான் எழுதினது. பாடினதும் நான்தான். கீழ்வானம் என் கம்பெனி. புகார் குடுத்ததும் நான், நோட்டீஸ் விட்டதும் நான், பதில் போட்டதும் நான். ராக் மியூசிக் பாடுகவனுக்குப் பொண்ணு தர மாட்டீங்கன்னு பயந்து மறைச்சேன். தப்புதான். ஹரிதாவ விட்டுட்டு இருக்க என்னால முடியாது மாமா. ஆனா இந்தப் பாட்டு என்னோடது இல்லன்னும் சொல்ல முடியாது."

ஈஸ்வரமூர்த்தி சுதனைப் பார்த்தார். தாளைப் பார்த்தார். கடைசியாக யோவான் பக்கம் திரும்பினார்.

"அப்போ இது யாரு?"

"எங்க டிரம்மர், மாமா."

யோவான் எழுந்து நின்று வணக்கம் வைத்தான்.

ஈஸ்வரமூர்த்தி நாற்காலியில் தொப்பென்று சாய்ந்தார். முகத்தை இரண்டு கையாலும் துடைத்துக்கொண்டார். "ஏட்டி பகவதி," என்றார் களைத்த குரலில், "எனக்குச் சோறு எடுத்து வை."

காலை பத்தரை மணிக்கு எதற்குச் சோறு என்று விளங்காமல் சுதன் விழித்தான். அடுக்களைக்குத் திரும்பப் போன பகவதி, அவன் முகத்தைப் பார்த்து நின்றாள்.

"பொண்ணு தாறதுக்கு முன்ன விசாரிக்க மாட்டமா மாப்பிள? நீங்க பாடுகவருன்னு எங்களுக்கு அப்பமே தெரியும். நீங்களா சொல்லுகது வரைக்கும் வாயத் தொறக்கப்பிடாதுன்னு ஹரிதா எங்களக் கட்டிப் போட்டுட்டா. உங்க பாட்டு சொந்தபந்தம் காதுல விழட்டும்னுதான் ஹரிதா அப்பா அத வீடியோல போடச் சொன்னதே. மருமவன் பாட்ட எவனோ தன்னோடதுங்கானேன்னுதான் அஞ்சு நாளா சோறு எறங்காம அலைஞ்சாவ."