நான் இங்கே இல்லையென்று நினைத்துக்கொள்ளுங்கள்

ஆவணப்படக்காரர்களில் 'நான் இங்கே இல்லை' என்றொரு வகை உண்டு. கேள்வி கேட்க மாட்டோம், யோசனை சொல்ல மாட்டோம், எதையும் தொட மாட்டோம். வாழ்க்கை தன்பாட்டுக்கு நடக்க, ஓரமாக நின்று படம்பிடிப்போம். ஆமாம், நானும் அந்த வகைதான்.

எங்களை அடையாளம் காண்பது எளிது. பிறர் வீட்டுச் சமையலறையில், விடிந்ததிலிருந்து ஒரே மூலையில், பை நிறைய பேட்டரியும் தலையில் ஹெட்போனுமாக, ஃபிரிட்ஜைத் திறக்கவிடாமல் வழியை அடைத்துக்கொண்டு, யார் கண்ணுக்கும் தெரியவில்லை என்ற நம்பிக்கையோடு நிற்பவர்கள் நாங்கள்தான். ஆஸ்திரேலியாவின் கிப்ஸ்லாந்தில் பால்பண்ணை வைத்திருக்கும் நோரீன் வீட்டில் ஒரு குளிர்காலம் முழுக்க நான் இப்படி இல்லாமல் இருந்தேன்.

"நான் இல்லேன்னு நெனச்சுக்கிட்டு வழக்கம்போல இருங்க நோரீன். அந்தக் கதவை மட்டும் இன்னொரு வாட்டி தெறந்துட்டு வாங்க. கொஞ்சம் மெதுவா."

"சரிப்பா. இல்லாத ஆளுக்கு எத்தனை துண்டு கேக் வைக்கட்டும்?"

மூன்று துண்டு சாப்பிட்டேன்.

ஒருநாள் காலை, கொட்டுகிற மழையில், தலையீற்றுக் கிடேரி ஒன்று கன்று போட முடியாமல் கொட்டகையில் விழுந்து கிடந்தது. மாட்டு டாக்டரின் வண்டி வெள்ளத்துக்கு அந்தப் பக்கம் மாட்டிக்கொண்டது. மூக்கு நுனியோடு வெளியே தெரிந்த கன்றின் முன்கால்களில் கயிற்றைக் கட்டி நோரீன் ஒற்றை ஆளாக இழுத்துக்கொண்டிருந்தாள். நான் என்ன செய்தேன்? கயிறு அவள் உள்ளங்கையை அறுப்பதை எவ்வளவு கிட்டத்தில் காட்டலாம் என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

"ஏய், வந்து கயித்தைப் பிடி."

இல்லாதவன் எப்படிக் கயிற்றைப் பிடிப்பான்? இன்னும் ஓரடி கிட்டே போய்ப் படம்பிடித்தேன்.

"கன்னுக்கு நாக்கு நீலம் பூத்துடுச்சுடா, செத்துரும். அதைக் கீழ வெச்சிட்டு வர்றியா, இல்ல நானே உன்னை நெசமா இல்லாமப் பண்ணட்டுமா?"

கொள்கை கிடக்கட்டும், பயம் வந்துவிட்டது. பொத்தானை அமுக்கிக் கேமராவை நிறுத்தி, வைக்கோல் கட்டின்மேல் போட்டுவிட்டு ஓடினேன். இருவரும் சேர்ந்து இழுத்தோம். கன்று வழுக்கிக்கொண்டு வந்து விழுந்தது. அசைவில்லை. நோரீன் அதன் மூக்கில் ஒரு வைக்கோல் துரும்பை விட்டுக் கிளறினாள். தும்மியது. அத்தனை சந்தோஷம் எனக்கு எந்தப் படத்திலும் கிடைத்ததில்லை.

சாயங்காலம் போட்டுப் பார்த்தோம். என் கேமராவுக்கு ஒரே பொத்தான். ஒருமுறை அமுக்கினால் ஓடும், மறுமுறை அமுக்கினால் நிற்கும். காலையில் பரபரப்பில் இரண்டு தரம் அமுக்கியிருக்கிறேன். நான் கல்லாக நின்று எடுத்ததெல்லாம் பதிவாகவே இல்லை. நிறுத்திவிட்டு ஓடினேனே, அப்போதுதான் கேமரா ஓட ஆரம்பித்திருக்கிறது. கோணலான படத்தில், சேற்றில் முழங்காலிட்டு, ஹெட்போனைக்கூடக் கழற்றாமல், "விடாதீங்க நோரீன், விடாதீங்க" என்று ஒருவன் தேம்பித் தேம்பி அழுதுகொண்டிருந்தான்.

நோரீன் டீயை உறிஞ்சிக்கொண்டே பார்த்தாள். "யாருப்பா இவன்? இத்தனை நாளா நம்ம வீட்டுல நான் பாத்ததே இல்லியே."

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். போன பிறந்தநாளில் உங்கள் மகள் மெழுகுவத்தியை ஊதினாளே, சுற்றி நின்ற எல்லோரும் பாட, நீங்கள் மட்டும் வாயைத் திறக்காமல் செல்போனை உயரப் பிடித்து நின்றீர்களே, ஊதி முடித்ததும் அவள் நிமிர்ந்து உங்கள் முகத்தைத் தேடினாள். அது பதிவாகியிருக்கிறதா என்று எதற்கும் ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள்.